விளிம்பூரின் எதிர்வாக்கு

கேட்க வந்தவர்கள் கொஞ்சம் நெருங்கி உட்காருங்கள். சிறியவர்கள் முன்னால், பெரியவர்கள் பின்னால். தூங்கப் போகிறவர்கள் எங்கே வேண்டுமானாலும்.

உலகம் ஒன்றே ஒன்றுதான் என்று யாரும் நினைக்காத காலம் அது. அடுப்பங்கரை மூலையில் பானைகளை ஒன்றின்மேல் ஒன்றாக அடுக்கி வைப்பார்கள் அல்லவா? அப்படி உலகங்கள் அடுக்கி இருந்தன. இந்தப் பானையில் உள்ள ஊர் அடுத்த பானையிலும் உண்டு. அதே ஆறு, அதே அரண்மனை, அதே மனிதர்கள். கொஞ்சம் கொஞ்சம்தான் வேறு. இங்கே புளியமரம் நிற்கும் இடத்தில் அங்கே வேம்பு நிற்கும். இங்கே இடக்கைக்காரராக இருப்பவர் அங்கே வலக்கைக்காரராக இருப்பார்.

ஒரு பானையின் வாயும் மேல் பானையின் அடியும் உரசுகிற இடத்தில் ஓர் ஊர் இருந்தது. அதன் பெயர் விளிம்பூர்.

நிறைகுடம் ததும்பாது என்று சொல்வார்கள். அது மண்குடத்துக்குச் சரி. உலகக் குடங்கள் நிறைந்திருந்தாலும் ததும்பின. மழை இல்லாமலே மண்வாசனை எழும். காற்று இல்லாமலே விளக்குச் சுடர் சாயும். ஒவ்வொரு பொருளுக்கும் நிழல் இரண்டாகப் பிரியும். ஊரார் சட்டியைக் கீழே வைத்துவிட்டு, "ததும்பல் வருது" என்று ஒருவருக்கொருவர் குரல் கொடுப்பார்கள்.

ததும்பல் வந்தால் என்ன ஆகும்? பிடிப்பில்லாத பொருள் வழிந்து பக்கத்து உலகத்துக்குப் போய்விடும். அங்கே உள்ள அதன் இணை இங்கே வந்து நிற்கும். நேற்று வரை உங்கள் கிணறாக இருந்தது இன்று வேறு யாரோ தூர்வாரிய கிணறாக இருக்கும். மனிதர்கள் போவதும் உண்டு. காலையில் கஞ்சி குடித்துவிட்டுப் போன கணவன் மத்தியானம் வந்து, "அம்மா, நீங்கள் யார்?" என்று கேட்பான். முகம் அதேதான். ஆள் வேறு.

அதனால் அந்த ஊரில் ஒரு வழக்கம் இருந்தது. அதற்கு எதிர்வாக்கு என்று பெயர்.

ஒவ்வொரு வீட்டுக்கும் எதிர்வீட்டார் ஒருவர் பொறுப்பு. மண்வாசனை எழுந்ததும் அவர் அந்த வீட்டு வாசலில் போய் நின்று, அங்கே உள்ளவற்றின் குறையைச் சொல்ல வேண்டும். நிறையை அல்ல, குறையை.

ஏன் குறை என்று கேட்பீர்கள். நல்லது எல்லாப் பானையிலும் ஒரே ருசிதான். "அழகான வீடு" என்று சொன்னால் எந்த வீடு என்று ததும்பலுக்கு எப்படித் தெரியும்? ஆயிரம் உலகத்தில் ஆயிரம் அழகான வீடுகள். "வடக்குச் சுவரில் பல்லிவால் மாதிரி விரிசல் ஓடுகிற வீடு" என்று சொன்னால், அது ஒன்றுதான். ஒன்றே ஒன்றாக இருப்பது நழுவாது. அப்படிச் சொன்ன சொல் பொருளைப் பிடித்தும் வைக்கும், போனதைக் கூப்பிடவும் செய்யும்.

ஏன் எதிர்வீட்டார்? சொந்த வீட்டாருக்குக் குறை கண்ணில் படாது. பட்டாலும் வாயில் வராது.

எதிர்வாக்குக்கு மூன்று கட்டு உண்டு. முகத்துக்கு நேரே சொல்ல வேண்டும். கண்டதை மட்டும் சொல்ல வேண்டும். சொல்லிவிட்டுச் சிரிக்கக் கூடாது.

அந்த ஊரில் எயினி என்று ஒருத்தி இருந்தாள். வெற்றிலைக் கொடிக்கால் வைத்திருந்தாள். அவளுக்கு எதிர்வீடு, செக்கு ஆட்டும் ஆதன். ஆதனுக்கு எதிர்வாக்கு எயினி, எயினிக்கு எதிர்வாக்கு ஆதன். தெருக்கோடியில் அரண்மனை. அதற்கு எதிர்வீடு என்று ஒன்று இல்லாததால், அதையும் எயினியிடமே விட்டிருந்தார்கள். "வாய் பெரிசு, இரண்டு வேலை தாங்கும்" என்று ஊரே சேர்ந்து முடிவு செய்தது.

ததும்பல் வந்தால் ஆதன் அவள் வாசலில் வந்து நின்று தொண்டையைச் செருமுவான்.

"இந்த வீட்டுக் கதவு மழைக்காலத்துல சாத்தாது. இந்த முருங்கை கிழக்கே குனிஞ்சு அடுத்தவன் கூரையைத் தேய்க்குது. இந்த எயினிகிட்ட ஒரு பேச்சுப் பேசினா ஒன்பது பேச்சாத் திருப்பித் தருவா."

"பத்துன்னு சொல்லும், ஓய். கண்டதைச் சொல்லணும்" என்பாள் எயினி. பிறகு தெருவைத் தாண்டி அவன் வாசலுக்குப் போவாள்.

"இந்தச் செக்கு கத்துற கத்தல்ல கோழிக்கு முன்னாடி ஊர் முழிச்சுடுது. இந்த மாட்டுக்கு வலக்கொம்பு பாதியில ஒடிஞ்சிருக்கு. இந்த ஆதன் தன் மாட்டுகிட்டப் பேசுறதுல கால்வாசிகூடத் தன் பெண்சாதிகிட்டப் பேசுறதில்லை."

வீட்டுக்குள்ளிருந்து அவன் மனைவியின் குரல் வரும். "கண்டது சரிதான்."

சுடர் நிமிரும். நிழல் ஒன்றாகும். செக்கு அங்கேயே இருக்கும், மாடு அங்கேயே இருக்கும், ஆதனும் அங்கேயே இருப்பான். இருவரும் முறைத்துக்கொண்டே அவரவர் வேலையைப் பார்க்கப் போவார்கள்.

அந்த ஊரை ஆண்ட மன்னன் பெயர் சாந்தசீலன். பெயருக்கு ஏற்ற ஆள். எறும்பு வரிசை குறுக்கிட்டால் தேரை நிறுத்துவான். யாருக்கும் மனம் நோகக் கூடாது என்பதே அவன் எண்ணம். எயினி அரண்மனை வாசலில் நின்று, "மேற்கு மதில்ல அரசங்கன்று வேர் விட்டிருக்கு. யானைக் கொட்டில்ல ஒரு கதவு எப்பவும் ஆடிக்கிட்டே கிடக்கு. இந்த ராசாவுக்கு, எதிராளி பேசி முடிக்கிற வரைக்கும் பொறுமை இல்லை" என்று சொல்லும்போதுகூட, "அது சரிதான், நான் என்ன…" என்று பாதியிலேயே புகுந்து, பிறகு நாக்கைக் கடித்துக்கொள்வான்.

மன்னனுக்கு ஒரே மகள். தாய் இல்லாத பெண். செருந்தி என்று பெயர். அவளுக்குப் பேச்சு திக்கும். சொல் தொண்டை வரை வந்து அங்கேயே நின்றுவிடும். மற்ற சொற்களைவிட 'அப்பா' என்ற சொல்தான் அவளை அதிகம் படுத்தியது. "அ… அ…" என்று அவள் தொடங்குவாள். மன்னனுக்குத் தாங்காது. "அப்பாதானே கண்ணு, சொல்லு, என்ன வேணும், மாம்பழமா, ஊஞ்சலா, கொட்டிலுக்குப் போகணுமா?" என்று அவளுக்கு முன்னால் ஓடி, அவள் சொல்லையும் தானே எடுத்துக்கொள்வான். அவள் தலையை ஆட்டிவிட்டுப் போய்விடுவாள். பெரும்பாலும் அவள் கேட்க வந்தது வேறாக இருக்கும்.

ஒரு திருவிழா நாளில் தெருப்பிள்ளைகள் சிலர் அவளைப் போலவே பேசி விளையாடினார்கள். "அ… அ… அப்பா" என்று ஒருவன் சொல்ல, மற்றவர்கள் உருண்டு சிரித்தார்கள். தேர் மறைவில் நின்ற செருந்தி அதைக் கேட்டாள். வீட்டுக்கு வந்தவள் பல நாள் வாயே திறக்கவில்லை.

சாந்தசீலனுக்குப் பிள்ளைகளைத் தண்டிக்கவும் மனம் வரவில்லை, மகளைப் பார்க்கவும் மனம் பொறுக்கவில்லை. யோசித்து யோசித்து ஓர் ஆணை போட்டான். இன்று முதல் விளிம்பூரில் யாரும் யாருடைய குறையையும் சொல்லக் கூடாது. ததும்பல் வந்தாலும் சரி. எதிர்வாக்குக்குப் பதில் இனி நல்வாக்கு.

எயினி அரண்மனைக்குப் போனாள். "ராசா, கேலி வேற, எதிர்வாக்கு வேற."

"கேட்கிறவளுக்கு இரண்டும் ஒன்றுதானே, எயினி" என்றான் மன்னன்.

எயினி யோசித்துப் பார்த்தாள். அவன் சொன்னதிலும் ஏதோ இருந்தது. கும்பிட்டுவிட்டுத் திரும்பிவிட்டாள்.

அதற்குப் பிறகு வந்த ததும்பலில் ஆதன் அவள் வாசலில் நின்று கையைப் பிசைந்தான். "எயினியம்மா பேச்சு… தேன் மாதிரி" என்றான். சொல்லும்போதே அவனுக்கு வியர்த்தது. எயினி அவன் வாசலுக்குப் போய், "அண்ணன் செக்குச் சத்தம் வீணை மாதிரி இருக்கு" என்றாள். உள்ளே ஆதனின் மனைவிக்குப் புரை ஏறியது.

சொன்னது பொய்தான். ஆனால் விளைந்தது இனிப்பாக இருந்தது. அதுதான் விஷயம்.

நல்வாக்குக்கு எந்தப் பொருளும் பிடிபடவில்லை. எல்லாம் வழிந்தன. விரிசல் விட்ட சுவர் போய் விரிசல் இல்லாத சுவர் வந்தது. கசந்த கிணறு போய் இனித்த கிணறு வந்தது. சாய்ந்த கூரை போய் நிமிர்ந்த கூரை வந்தது. ஒவ்வொரு ததும்பலுக்குப் பிறகும் ஊரார் வெளியே வந்து பார்த்து, "அட, இது தேவலையே" என்றார்கள். மன்னனின் ஆணையைப் புகழ்ந்தார்கள். மூன்று ஆண்டு இப்படிப் போயிற்று.

ஆனால் கதவுகளுக்கு வீட்டாரின் கை தெரியவில்லை. இருட்டில் எழுந்து போனால் தன் வீட்டிலேயே முட்டிக்கொண்டார்கள். நாய்கள் சொந்தத் தெருவைப் பார்த்துக் குரைத்தன.

ஒரு நாள் ஆதன் எயினியின் வேலியோரம் வந்து நின்றான். கண் சிவந்திருந்தது.

"என்ன ஓய், வெற்றிலையா?"

"மாடு போயிடுச்சு."

"கொட்டில்ல நிக்குதே. பார்த்தேனே. இரண்டு கொம்பும் தேர்க்கலசம் மாதிரி."

"அது என் மாடு இல்லை. நான் பேசினா காதைக்கூட ஆட்ட மாட்டேங்குது. என் மாட்டுக்கு வலக்கொம்பு ஒடிஞ்சிருக்கும்." அவன் குரலைத் தாழ்த்தினான். "கொடிக்காலம்மா, யாருக்கும் தெரியாம ஒரு தடவை என் மாட்டைத் திட்டேன். கேட்டுட்டுத் திரும்பி வந்தாலும் வரும்."

எயினி அரண்மனைப் பக்கம் திரும்பிப் பார்த்தாள். "ஆணை இருக்கே, அண்ணே" என்றாள். 'ஓய்' என்று அதட்டுகிறவள் 'அண்ணே' என்று அழைத்தது அவனை இன்னும் அழ வைத்தது.

இப்போது கவனமாகக் கேளுங்கள். தூங்குகிறவர்களை எழுப்பிவிடுங்கள்.

ஒரு நாள் உச்சிப்பொழுதில், வெயில் நேர்மேலே நிற்கும்போது, மண்வாசனை எழுந்தது. எப்போதும் போல மெல்ல அல்ல. மூக்கை அடைக்கும்படி எழுந்தது. அடுப்புத் தீயெல்லாம் ஒரே பக்கம் படுத்தது. உச்சிவெயிலில் நிழலே இருக்கக் கூடாத நேரத்தில், எல்லாவற்றுக்கும் இரண்டு நிழல் விழுந்தது. விளிம்பூர் அதுவரை பார்த்த ததும்பல்களெல்லாம் சின்னவை. இதுதான் பெரிது.

செருந்தி அரண்மனை முற்றத்தில் குளக்கரையில் நின்றிருந்தாள். நீலப் பாவாடை உடுத்தியிருந்தாள். அந்த நீலம் முதலில் வெளுத்தது. பிறகு கை வெளுத்தது. தண்ணீரில் விழுந்த சாயம் போல அவள் கரைந்துகொண்டிருந்தாள். அவளுக்கு ஒரு முழம் தள்ளி, அதே உயரத்தில், அதே நீலத்தில், இன்னொரு பெண் தெளிந்துகொண்டிருந்தாள்.

மன்னன் ஓடி வந்தான். அமைச்சர் வந்தார். அவைப்புலவர் வந்தார். அரண்மனை பொறுப்பு என்பதால் எயினியும் கொடிக்காலிலிருந்து ஓடி வந்தாள்.

முதலில் புலவர் பாடினார். நிலவு என்றார், மயில் என்றார், மாணிக்கம் என்றார். ஒவ்வொரு சொல்லுக்கும் செருந்தி இன்னும் கொஞ்சம் கரைந்தாள். நிலவு போன்ற பெண்கள் எல்லா உலகத்திலும் இருக்கிறார்களே.

மன்னன் எயினியைப் பார்த்தான். "ஆணை கிடக்கட்டும். நீ சொல். உன் வாக்குக்கு எப்போதும் பிடிப்பு உண்டு."

எயினி வாயைத் திறந்தாள். மூடினாள். "எனக்குத் தெரியலையே, ராசா. குறை சொல்லாதேன்னீங்க, நான் பார்க்கிறதையும் விட்டுட்டேன். மூணு வருஷத்துல பிள்ளை இவ்வளவு வளர்ந்திருக்கு. திக்கும்னு மட்டும் தெரியும். பேச்சு திக்குற பிள்ளைங்க எத்தனை பானையில எத்தனை பேரோ. எந்தச் சொல்லுல திக்கும், எப்படித் திக்கும், அப்ப முகம் எப்படி இருக்கும்… நான் பார்க்கலையே."

மூன்றாவதாக மன்னனே சொன்னான். "என் கண்ணே, என் உயிரே, குறையொன்றும் இல்லாத என் தங்கமே." அதைச் சொன்னதும் செருந்தியின் பாதம் இரண்டும் தரையில் தெரியாமல் போயின.

தள்ளி நின்ற பெண் இப்போது முழுதாகத் தெளிந்துவிட்டாள். சுற்றிலும் பார்த்தாள். ஆற்றுநீர் போலத் தடையில்லாமல் பேசினாள். "இது என்ன இடம்? நான் இப்போதுதானே எங்கள் குளத்தில் மீனுக்குப் பொரி போட்டுக்கொண்டிருந்தேன்? நீங்கள் என் தந்தையைப் போலவே இருக்கிறீர்கள். ஆனால் நீங்கள் அவர் இல்லை."

அமைச்சர் மன்னனின் காதருகே குனிந்தார். கெட்டவர் அல்ல அவர். ஆண்டுக்கணக்கில் நல்வாக்குச் சொல்லிப் பழகியவர். "மன்னா, வருவது வரட்டும். அதே முகம், அதே வயது. பேச்சில் மட்டும் தடை இல்லை. நீங்கள் கோயில் கோயிலாக வேண்டிக்கொண்டது இதைத்தானே? மதிலும் கிணறும் இப்படித்தான் நல்லதாக மாறின. யார் குறை சொன்னார்கள்?"

மன்னன் அந்தப் பெண்ணைப் பார்த்தான். அவள் பேசியது தேனாகத்தான் இருந்தது. அந்தக் குரலை அவன் கனவில் கேட்டிருக்கிறான், பொய் சொல்வானேன். ஒரு கணம், ஒரே ஒரு கணம், அவன் கால் அந்தப் பக்கம் நகர்ந்தது.

அப்போது பக்கத்து உலகத்திலிருந்து ஒரு குரல் கேட்டது. கிணற்றுக்குள்ளிருந்து வருவது போல, அவனுடைய குரலேதான். "மகளே, எங்கே போனாய்? என்னை விட்டு எங்கே போனாய்?" என்று யாரோ ஒரு தந்தை கூப்பிட்டுக்கொண்டிருந்தான். அந்தப் பெண் "அப்பா" என்று திரும்பினாள். திக்காமல், தடுக்காமல், ஒரே மூச்சில்.

அந்த 'அப்பா' தனக்கானது அல்ல என்று மன்னனுக்குத் தெரிந்தது. தனக்கான 'அப்பா' எப்படி இருக்கும் என்றும் தெரிந்தது. அவன் காலைப் பின்னுக்கு இழுத்துக்கொண்டான். கரைகிற மகளின் முன் போய் முழந்தாளிட்டு, முகத்துக்கு நேரே, கண்டதை மட்டும், சிரிக்காமல் சொன்னான்.

"இவள் 'அப்பா' என்று சொல்வதற்குள் மூன்று முறை தடுக்குவாள். மூன்றாவது முறை இடது கண்ணை மட்டும் மூடிக்கொள்வாள். வலது கால் கட்டைவிரல் தரையை அழுத்தும், உயரமான படி ஏறுகிறவள் போல."

தரையில் ஒரு கட்டைவிரல் தெரிந்தது.

"கோபம் வந்தால் பேச மாட்டாள், பாடுவாள். பாட்டில் திக்காது. சுருதியும் சேராது."

இரண்டு பாதமும் தெரிந்தன.

"வெண்டைக்காய்ப் பொரியலை மடியில் முடிந்துகொண்டு போய் யானைக்குக் கொடுத்துவிட்டு, எல்லாம் சாப்பிட்டாயிற்று என்று தட்டைக் காட்டுவாள். அந்தக் கொட்டில் கதவை இவள்தான் திறந்துபோட்டுவிட்டு வருவாள். எனக்கு எல்லாம் தெரியும். தெரியாதது போல இருந்தேன்."

நீலம் திரும்பி வந்தது. கை திரும்பி வந்தது. செருந்தி நின்றாள், கல்லில் வெட்டியது போல. தள்ளி நின்ற பெண் புன்னகைத்துக்கொண்டே மெலிந்து மறைந்தாள். கிணற்றுக்குரல் அழுது சிரிக்கும் சத்தம் கேட்டு, பிறகு நின்றது.

கதை இங்கே முடிந்தது என்று எழுந்திருக்காதீர்கள். ததும்பல் இன்னும் அடங்கவில்லை.

சாந்தசீலனின் நிழல் இரண்டாகப் பிரிந்தது. மூன்று ஆண்டாக அவனுக்கும் யாரும் குறை சொல்லவில்லையே. முழந்தாளிட்டபடியே அவன் வெளுக்கத் தொடங்கினான். அமைச்சர், "தருமமூர்த்தி, கருணைக்கடல்" என்று தொடங்கினார். மன்னனின் மகுடம் கண்ணாடி போலாயிற்று. எயினி அவர் வாயைத் தன் கையாலேயே பொத்தினாள். பழைய எதிர்வாக்கு அவளுக்கு நினைவில் இருந்தது. அதைச் சொல்ல மூச்சை இழுத்தாள்.

செருந்தி கையை உயர்த்தி அவளை நிறுத்தினாள். தந்தையை நேராகப் பார்த்தாள்.

"எ… எ…"

மன்னனின் வாய் தானாகத் திறந்தது. 'எங்க அப்பா' என்றுதான் சொல்ல வருகிறாள், எடுத்துக் கொடுத்துவிடலாம், பாவம் பிள்ளை, பொழுது வேறு போகிறது, உடம்பு வேறு கரைகிறது. அந்தச் சொல் அவன் நாக்கு நுனியில் வந்து நின்றது.

அவன் வாயை மூடிக்கொண்டான். பல்லைக் கடித்துக்கொண்டான். தோள் வரை கரைந்த பிறகும் மூடியே இருந்தான்.

"எ… எங்க அ… அ… அ… அப்பா," என்றாள் செருந்தி. இடது கண் மூடியது, கட்டைவிரல் தரையை அழுத்தியது. "என்னை ஒரு வா… வா… வார்த்தைகூட முடிக்க வி… விடமாட்டார்."

சொல்லி முடித்தாள். தந்தையிடம் அவள் முழுதாக முடித்த முதல் வாக்கியம் அது.

மண்வாசனை அடங்கியது. தீ நிமிர்ந்தது. மன்னன் மார்பும் தோளும் தலையுமாகத் திரும்பி வந்தான்.

எயினி அமைச்சரின் வாயிலிருந்து கையை எடுத்துச் சேலையில் துடைத்தாள். "கண்டது சரிதான்" என்றாள்.

மன்னன் மகளின் கையைப் பிடித்துக்கொண்டான். "ஊர் நடுவே உன் குறையைச் சொல்லிவிட்டேனே. அன்றைக்குத் தெருப்பிள்ளைகள் செய்ததும் இதுதானே? உனக்கு நோகவில்லையா?"

செருந்தி பதில் சொல்ல வெகுநேரம் ஆயிற்று. அவன் காத்திருந்தான். குளத்தில் ஒரு மீன் துள்ளி விழுந்து, அந்த வளையம் கரை தொடும் வரை காத்திருந்தான்.

"கே… கேலி பண்ணினவங்க சொல்லிட்டு ஓடிட்டாங்க," என்றாள் அவள். "நீங்க சொல்லிட்டு நி… நின்னீங்க."

ஆணை அன்றே நீங்கியது. எதிர்வாக்கு திரும்பி வந்தது. மூன்று கட்டோடு நான்காவதாக ஒன்றும் சேர்ந்தது: சொன்ன பிறகு எழுந்து போகக் கூடாது, கேட்டவர் மறுமொழி சொல்லி முடிக்கும் வரை நிற்க வேண்டும். இதனால் ஊரில் சண்டைகள் நீண்டன. ஆனால் பாதியில் முறிந்த சண்டை ஒன்றுகூட இல்லை.

அரண்மனைக்கு எதிர்வாக்காக எயினி இருந்தாள். எயினிக்கு ஆதனோடு சேர்த்துச் செருந்தியும் எதிர்வாக்கு ஆனாள். மண்வாசனை எழுந்ததும் கொடிக்கால் வாசலில் வந்து நிற்பாள். அவள் சொல்லி முடிக்க நேரம் ஆகும். தெருவே காத்திருக்கும். ததும்பலும் காத்திருந்ததாகத்தான் சொல்கிறார்கள். அவளைப் போலப் பேசி விளையாடிய பிள்ளைகளில் இருவர், அவள் சொல்லி முடித்ததும் மற்றவர்களுக்கு முந்தி, "கண்டது சரிதான்" என்பார்கள். மூன்றாமவன் இன்னும் சிரித்துக்கொண்டுதான் இருந்தான். எல்லாரும் ஒரே நாளில் திருந்துவது வேறு பானையில் நடக்கும் போலிருக்கிறது.

ஆதனின் மாடு?

அடுத்து வந்த சின்னத் ததும்பலில் எயினி அவன் கொட்டில் வாசலில் நின்று, மூன்று வருஷப் பாக்கியையும் சேர்த்துத் திட்டினாள். "வலக்கொம்பு பாதியில ஒடிஞ்ச மாடு. செக்கைச் சுத்தும்போது கிழக்கு மூலைக்கு வந்தா ஒரு தரம் நின்னு என் கொடிக்காலை எட்டிப் பார்க்கிற மாடு. பார்த்தது போதாதுன்னு வேலி தாண்டி இளங்கொழுந்தா மேய்ஞ்ச மாடு. நாசமாப் போற மாடு, எங்கடி போன நீ?"

நிழல் இரண்டாகி ஒன்றானது. கொட்டிலில் வலக்கொம்பு ஒடிந்த மாடு நின்றது. ஆதன் பேசினான். அது காதை ஆட்டியது.

அதன் உடம்பு பளபளவென்று இருந்தது. கழுத்தில் புதுச்சலங்கை. ஒடிந்த கொம்பின் நுனியில் யாரோ அக்கறையாக மஞ்சள் பூசியிருந்தார்கள். பக்கத்துப் பானையில் இருந்த ஆதன், தன்னுடையது அல்லாத மாட்டை இத்தனை நாளும் குளிப்பாட்டி வைத்திருந்தான். அங்கேயும் ஓர் எயினி வாசலில் நின்று வைதிருப்பாள் போல.

போன எல்லாமும் திரும்பவில்லை. சில கிணறுகள் இனிப்பாகவே இருந்துவிட்டன. ஊரார் அவற்றின் புதுக்குறைகளைப் பார்த்துப் பழகிக்கொண்டார்கள். பழகப் பழக அவையும் சொந்தக் கிணறுகள் ஆயின.

கேட்டவர்களே, எழுந்து போகும்போது இதை எடுத்துக்கொண்டு போங்கள்: ஒருவரின் குறையைக் காணாதது போல இருப்பது பாதி அன்பு, அதை முழுதாகக் கண்டு, முகத்துக்கு நேரே சொல்லி, அவர் பதிலுக்காக நின்று கேட்பதே அவரை இவ்வுலகில் நிலைநிறுத்தும் அன்பு.